அரவா எல்லையில் ஒரே பணப்பை: உப்புநீர், பேரீச்சை, வேலைப் பட்டியல்

சாக்கடலின் தென்முனையிலிருந்து செங்கடல் வரை நீளும் பள்ளத்தாக்கை எபிரேயத்தில் அரவா என்பார்கள், அரபியில் வாதி அரபா. அதன் நடுவே ஓடுகிறது இஸ்ரேல் – ஜோர்டான் எல்லை. தெற்குப் பகுதியில் ஆண்டு முழுவதும் பெய்யும் மழை 30 மில்லிமீட்டரைத் தொட்டாலே பெரிது. நம்மூரில் ஐப்பசி மாதத்தில் ஒரே இரவில் அதைவிட அதிகம் கொட்டும். கோடைப் பகலில் 40 பாகை வெயில் அங்கே செய்தியே இல்லை. இந்த இடத்தில்தான் யோத்வதா, கெதூரா, சமார் போன்ற சிற்றூர்கள் எல்லைக்கோட்டை ஒட்டி நின்று பேரீச்சை விளைவித்து, பால் கறந்து, வந்த வருமானத்தை ஒரே பெட்டியில் போட்டு வாழ்கின்றன. இவற்றைக் கிப்புட்ஸ் என்பார்கள்.

கூட்டுப்பண்ணை தொடங்க நினைக்கும் நம்மவர்கள் கிப்புட்ஸ் பற்றி முதலில் கேட்பது, பணத்தை எப்படிப் பங்கிடுகிறார்கள் என்பதைத்தான். அது இரண்டாவது கேள்வி. நாளை விடியற்காலை மாடு கறக்கப் போவது யார், அதை முடிவு செய்வது யார் என்பது முதல் கேள்வி. அந்தப் பதில் சாப்பாட்டுக் கூடத்தின் வாசலில் ஒரு பலகையில், எல்லோர் கண்ணிலும் படும்படி ஒட்டப்பட்டிருக்கும். கிப்புட்ஸ் நிற்பது அந்தப் பலகையின் மேல்தான் என்பது என் கணிப்பு.

எல்லையில் ஏன் போய் உட்கார்ந்தார்கள்

முதல் கிப்புட்ஸான தெகானியா 1910இல் கலிலேயக் கடலோரத்தில் தொடங்கியது. அரவாவின் கதை அதற்கு வெகுகாலம் கழித்து, வேறு காரணத்துக்காகத் தொடங்கியது. 1949 மார்ச்சில் இஸ்ரேலியப் படை செங்கடல் முனையை எட்டியது. அதுவரை அந்தப் பள்ளத்தாக்கு பெதூவின் மக்களின் மேய்ச்சல் வழி. படை பிடித்த நிலத்தில் ஆட்களைக் குடியமர்த்த வேண்டும் என்பது அரசின் கணக்கு. நஹால் என்ற ராணுவப் பிரிவு இதற்காகவே இருந்தது. அதில் சேர்ந்த இளைஞர்கள் பாதி நேரம் காவலும் பாதி நேரம் விவசாயமும் பார்த்தார்கள். இடம் நிலைக்கும் என்று தெரிந்த பிறகு ராணுவ முகாம் குடிமக்களின் ஊராகும். யோத்வதா 1951இல் இப்படி நஹால் முகாமாகத் தொடங்கி 1957இல் கிப்புட்ஸ் ஆனது.

கெதூராவும் முதலில் நஹால் முகாம்தான். 1973 அரபு – இஸ்ரேல் போர் முடிந்த கையோடு, அமெரிக்காவின் 'யங் ஜூடேயா' இளைஞர் இயக்கத்திலிருந்து வந்த சிலர் அதை எடுத்துக்கொண்டார்கள். விவசாயம் தெரியாதவர்கள், வெயில் பழகாதவர்கள். முதல் ஆண்டுகளில் வருவோரும் போவோருமாகவே ஊர் இருந்தது. சமார் 1976இல் வந்தது. அதை நிறுவியவர்கள் பழைய கிப்புட்ஸ்களில் பிறந்து வளர்ந்த பிள்ளைகள். பெற்றோர் காலத்துக் கட்டுப்பாடுகள் வேண்டாம் என்று வந்தவர்கள் என்பதால், வேலைப் பட்டியலே இல்லாத ஊரைக் கட்டினார்கள். அதைப் பிறகு சொல்கிறேன்.

நிலம் யாருக்கும் சொந்தமில்லை. அரசு நிலம், குத்தகைக்கு விடப்பட்டது. ஊர் சட்டப்படி ஒரு கூட்டுறவுச் சங்கம். அந்தச் சங்கங்கள் பதிவானது பிரிட்டிஷ் ஆட்சி 1933இல் பாலஸ்தீனத்தில் கொண்டுவந்த கூட்டுறவுச் சட்டத்தின் கீழ். அதற்கு முன்பு 1930இல், பஞ்சாபில் கூட்டுறவுத் துறையை நடத்திய ஸ்ட்ரிக்லண்ட் என்ற அதிகாரி பாலஸ்தீன விவசாயக் கூட்டுறவு பற்றி அறிக்கை எழுதினார். இந்தியக் கூட்டுறவுச் சட்டத்துக்கு வித்திட்டது சென்னை மாகாணத்தில் நிக்கல்சன் எழுதிய அறிக்கை. 1904இல் திருவள்ளூர் பக்கம் திரூரில் தொடங்கிய கடன் சங்கம் அந்த வழியில் வந்தது. நம் கூட்டுறவும் அவர்கள் கூட்டுறவும் ஒருவகையில் பங்காளிகள் என்பது பலருக்குத் தெரியாது.

எல்லை அன்றாட வாழ்வில் எப்படித் தெரியும்? வேலியை ஒட்டி ஒரு மண்பாதை இருக்கும். வண்டியின் பின்னால் இரும்புச் சட்டத்தைக் கட்டி இழுத்து அதைச் சமப்படுத்தி வைப்பார்கள். இரவில் யாராவது கடந்தால் காலடி பதியும். டிராக்டர் அந்தப் பாதையில் ஏறக்கூடாது. ஏறினால் ராணுவத் தடம் பார்ப்பவர் வந்து நிற்பார், அன்றைய வேலை போய்விடும். வேலியோரத் தோப்புக்கு இரவு நீர் திறக்கப் போவதென்றால் முன்கூட்டியே தகவல் சொல்ல வேண்டும். வால்வுகளைத் தொலைவிலிருந்து இயக்கும் கணினிக் கட்டுப்பாடு அரவாவில் இவ்வளவு பயன்படுவதற்கு இதுவும் ஒரு காரணம்.

1994 அக்டோபர் 26 அன்று இதே பள்ளத்தாக்கில்தான் இஸ்ரேலும் ஜோர்டானும் அமைதி ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டன. அதில் விவசாயிக்கு முக்கியமான பகுதி தண்ணீர். எல்லை மாற்றி வரைந்ததில் ஜோர்டான் பக்கம் போன கிணறுகளிலிருந்து இஸ்ரேல் தொடர்ந்து நீர் எடுக்கலாம் என்றும், மேற்கொண்டு ஆண்டுக்கு 1 கோடி கன மீட்டர் வரை கூட்டலாம் என்றும் எழுதப்பட்டது. ஆனால் கையெழுத்துக்கும் காலக்கெடு உண்டு. நடு அரவாவில் இஸ்ரேலிய விவசாயிகள் அந்த ஒப்பந்தப்படி 25 ஆண்டுகள் பயிரிட்டு வந்த அல்-காம்ர் நிலத்தை 2019 நவம்பரில் ஜோர்டான் திரும்ப எடுத்துக்கொண்டது. நட்டிருந்த பயிரை அறுக்க மட்டும் அவகாசம் கிடைத்தது. பலன் தர ஐந்தாறு ஆண்டு பிடிக்கும் மரத்தை எல்லையோரக் குத்தகை நிலத்தில் நடுமுன், குத்தகையின் கடைசித் தேதியைப் பார்த்தே ஆக வேண்டும்.

உப்புத் தண்ணீரோடு கணக்கு

நாட்டின் வடக்கிலிருந்து நீர் கொண்டுவரும் பெருங்குழாய் தெற்கு அரவாவை எட்டவில்லை. உள்ளூர் ஆழ்துளைக் கிணறுகளும், செங்கடல் முனையிலுள்ள ஏலாத் நகரின் சுத்திகரித்த கழிவுநீரும்தான் கதி. இரண்டும் உப்பு. நீரின் உப்பை மின்கடத்தும் திறனால் அளப்பார்கள்; நம் மண் பரிசோதனை அட்டையில் ஈ.சி. என்று வருவதுதான். ஈ.சி. மீட்டருக்கு 3 டெசிசீமன்ஸ் உள்ள நீர் என்றால் லிட்டருக்கு ஏறக்குறைய 1.9 கிராம் உப்பு. ஒரு வளர்ந்த பேரீச்சை மரத்துக்குக் கோடையில் நாளொன்றுக்கு 600 லிட்டர் விட்டால், நீரோடு சேர்த்து ஒரு கிலோவுக்கு மேல் உப்பையும் மரத்தடியில் கொட்டுகிறோம். மரம் நீரை எடுத்துக்கொண்டு உப்பை அப்படியே விட்டுவிடும்.

ஆகவே மரம் குடிப்பதைவிடக் கூடுதலாக விட்டு, உப்பை வேருக்குக் கீழே தள்ள வேண்டும். எவ்வளவு கூடுதல் என்பதற்கு ஒரு சூத்திரம் உண்டு. மண்ணில் தாங்கக்கூடிய ஈ.சி.யை 5ஆல் பெருக்கி, அதிலிருந்து நீரின் ஈ.சி.யைக் கழிக்க வேண்டும். வரும் எண்ணால் நீரின் ஈ.சி.யை வகுக்க வேண்டும். பேரீச்சை மண்ணில் 4 வரை விளைச்சல் குறையாமல் தாங்கும். அதற்கு மேல் ஒவ்வொரு அலகுக்கும் 3.6 விழுக்காடு விளைச்சல் குறையும். நீர் 3 என்றால்: 5 × 4 = 20, அதில் 3 போக 17, 3ஐ 17ஆல் வகுத்தால் 0.18. விடும் நீரில் 18 விழுக்காடு கழுவுவதற்கே போக வேண்டும். மரத்தின் தேவை 500 லிட்டர் என்றால் விட வேண்டியது ஏறக்குறைய 610 லிட்டர்.

சொட்டுநீரில் புதியவர்கள் தவறுவது இங்கேதான். சிக்கனம் என்று நினைத்துத் தேவைக்குச் சரியாக அளந்து விடுவார்கள். இரண்டு ஆண்டுகள் தோப்பு நன்றாகத்தான் இருக்கும். மூன்றாவது ஆண்டு ஓலை நுனி கருகும், காய் சிறுக்கும். உரம் போதவில்லை என்று இன்னும் உரம் போடுவார்கள், அதுவும் உப்பு. மண்ணில் 30, 60, 90 சென்டிமீட்டர் ஆழங்களில் மாதிரி எடுத்து ஈ.சி. பார்த்தால் விடை தெரியும். கீழே போகப் போக உப்பு கூடிக்கொண்டே போனால் கழுவல் நடக்கிறது. மேலேயே தேங்கியிருந்தால் நடக்கவில்லை.

சொட்டுவானைச் சுற்றி ஈரம் ஒரு வட்டமாகப் பரவும். அந்த வட்டத்தின் விளிம்பில் வெள்ளைப் பொருக்காக உப்பு சேரும். உள்ளே வேர் பத்திரமாக இருக்கும். ஆபத்து வருவது மழையால். வானம் திறந்து 5 மில்லிமீட்டர் தூறினால் ஊரே மகிழும், ஆனால் தண்ணீர் பார்ப்பவர் ஓடிப்போய் மோட்டாரைப் போட வேண்டும். அந்தத் தூறல் விளிம்பிலிருக்கும் உப்பைக் கரைத்து நேராக வேருக்குக் கொண்டுவரும். அதை மறுபடி வெளியே தள்ளச் சொட்டுநீர் ஓடிக்கொண்டிருக்க வேண்டும். மழை பெய்யும்போது நீர் விடுவது பைத்தியக்காரத்தனமாகத் தோன்றும். இளங்கன்றுத் தோப்பில் ஒருமுறை நீர் விடாமல் இருந்து பட்டவர்கள் மறுமுறை மறக்க மாட்டார்கள். இராமநாதபுரம், தூத்துக்குடிப் பக்கம் உப்புப் போர்த் தண்ணீரில் சொட்டுநீர் போட்டிருப்பவர்களுக்கும் இது அப்படியே பொருந்தும். பெருமழைக்கு வேண்டாம், சிறு தூறலுக்கு வேண்டும்.

சுண்ணாம்பு படிந்து சொட்டுவான் அடைபடுவது அடுத்த தொல்லை. பக்கக் குழாய்களின் முனையைத் திறந்து, கலங்கல் போய்த் தெளிந்த நீர் வரும்வரை ஓடவிட வேண்டும். கோடையில் இரண்டு வாரத்துக்கு ஒருமுறை. தோப்பின் கடைசிக் குழாயில், கடைசிச் சொட்டுவானின் கீழே குவளை வைத்து அளந்தால் மொத்த அமைப்பின் உடல்நிலை தெரிந்துவிடும். சொட்டுநீர்க் குழாயை வணிகமாகச் செய்யத் தொடங்கியது 1965இல் நெகேவ் பாலைவனத்து ஹத்ஸெரிம் கிப்புட்ஸ்தான். சொட்டுநீர் நிறுவனமான நெட்டாஃபிம் அங்கே பிறந்ததே.

பேரீச்சையின் ஓராண்டு

அரவாவின் காசு மரம் மெஜூல். இந்த வகைக்கு மொராக்கோதான் தாய்வீடு. அங்கே பயூத் என்ற வாடல் நோய் தோப்புகளை அழித்துக்கொண்டிருந்தபோது, 1927இல் 11 பக்கக்கன்றுகள் அமெரிக்காவுக்குப் போயின. அவற்றில் 9 பிழைத்தன. கலிஃபோர்னியாவில் பெருகிய அந்த வழித்தோன்றல்களே பிறகு அரவாவுக்கு வந்தன. கெதூராவில் இன்னொரு அதிசய மரமும் உண்டு: மசாதா கோட்டை அகழாய்வில் கிடைத்த, ஏறக்குறைய 2,000 ஆண்டுப் பழைய விதையை 2005இல் எலைன் சோலோவே என்பவர் அங்கே முளைக்க வைத்தார். மெத்தூசலா என்று பெயரிட்டார்கள். வளர்ந்து பூத்தபோது அது ஆண் மரமாக இருந்தது. பிறகு முளைத்த ஹன்னா என்ற பெண் மரத்தை அதன் மகரந்தத்தால் சேர்த்து, 2020இல் 111 பழங்கள் எடுத்தார்கள்.

தோப்புக்கு வருவோம். மரத்துக்கு மரம் 9 மீட்டர். ஏக்கருக்கு 50 மரம். வேலை பிப்ரவரியில் முள் வெட்டுவதில் தொடங்கும். மட்டையின் அடிப்பகுதி முள் விரல் நீளம் இருக்கும். மூட்டில் ஏறினால் மருத்துவமனைதான். குலைக்குப் பக்கத்தில் கை போவதற்குள் முள் போயிருக்க வேண்டும். பாதுகாப்புக் கண்ணாடி போடாமல் யாரையும் தூக்கு மேடையில் ஏற்றக்கூடாது.

பிப்ரவரி கடைசியிலிருந்து ஏப்ரல் வரை பாளை வெடிக்கும். ஆண் பாளையை விரலால் அழுத்தினால் நறநறவென்று சத்தம் வரும். அப்போது வெட்டி, நிழலில் தொங்கவிட்டு உலர்த்தி, மகரந்தத்தைச் சலித்து எடுக்க வேண்டும். ஈரம் துளியும் இருக்கக்கூடாது. பூஞ்சை பிடித்தால் அந்த ஆண்டே போச்சு. 1 பங்கு மகரந்தத்தோடு 9 பங்கு டால்க் மாவு கலந்து, பெண் பாளை வெடித்த இரண்டு மூன்று நாளுக்குள் ஊத வேண்டும். எல்லாப் பாளையும் ஒரே நாளில் வெடிக்காது. ஒரே மரத்துக்கு நாலைந்து முறை வர வேண்டியிருக்கும். குளிர்ந்த நாளில் ஊதினால் காய் பிடிப்பது குறையும்; வெயில் ஏறிய பிறகு செய்வது நல்லது. மகரந்தம் சேராத பூவில் மூன்று சிறு காய்கள் ஒட்டியபடி நிற்கும், விதை இருக்காது, பழுக்கவும் செய்யாது. அதைப் பார்த்தே எந்த வாரம் தவறவிட்டோம் என்று சொல்லிவிடலாம்.

இனி மெஜூலின் பெரும்பாடு: காய் குறைப்பது. மற்ற வகைகளுக்குச் சரத்தின் நுனியை வெட்டினால் போதும். மெஜூலுக்கு ஒவ்வொரு சரத்திலும் கையால் காய்களைக் கிள்ள வேண்டும். மரத்துக்கு 10 குலை வைத்து, குலையின் நடுச் சரங்களை வெட்டி 35 சரம் விட்டு, சரத்துக்கு 10 காய் விட்டால் 3,500 காய். பழம் 20 கிராம் வந்தால் மரத்துக்கு 70 கிலோ. மனம் கேட்காமல் 20 காய் விட்டவர் 140 கிலோ எடுப்பார் என்று நினைக்கக் கூடாது. பழம் 10, 12 கிராமில் நின்று, தரம் பிரிக்கும் இயந்திரத்தில் மலிவுப் பெட்டிக்குப் போகும். மரம் களைத்து அடுத்த ஆண்டு பாளையும் குறைவாக விடும். காய் பட்டாணி அளவில் இருக்கும்போது, ஏப்ரல் – மே மாதங்களில், இதை முடித்தாக வேண்டும். ஆண்டிலேயே அதிகம் கைவேலை கேட்பது இந்த வாரங்கள்தான். ஊரில் கணக்கு எழுதுபவர், பள்ளி ஆசிரியர், வெளிநாட்டுத் தன்னார்வலர் என எல்லோர் பெயரும் பலகையில் ஏறும்.

காய் கனத்ததும் குலைக்காம்பை வளைத்து மட்டையில் கட்ட வேண்டும். தாமதித்தால் காம்பு விறைத்துவிடும், வளைத்தால் முறியும். ஜூலை வாக்கில் வலைப் பை மாட்டுவார்கள். அது குளவி, பறவை, வௌவாலைத் தடுக்கும். உதிரும் பழத்தைத் தாங்கும். அறுவடை ஆகஸ்ட் கடைசியில் தொடங்கி அக்டோபர் வரை. ஒரு குலையில் எல்லாப் பழமும் ஒன்றாகக் கனியாது என்பதால் ஒரே மரத்துக்கு மூன்று நான்கு சுற்று. ஈரம் கூடிய பழத்தை வெயிலில் பரப்பி, 20 முதல் 26 விழுக்காட்டுக்குக் கொண்டுவந்து, கெட்டதைக் கழித்து, மைனஸ் 18 பாகையில் வைப்பார்கள். ஈரம் அதிகமாய் உள்ளே போனால் புளிக்கும். குறைந்தால் தோல் பிரிந்து சுருங்கும்.

மரம் ஆண்டுக்கு அரை மீட்டர் வரை உயரும். 20 ஆண்டில் ஏணி உதவாது. தூக்கு மேடை வண்டி வேண்டும். அதன் விலை தனி விவசாயிக்குத் தாங்காது. பேரீச்சை கூட்டுப்பண்ணைக்குப் பொருந்திய மரம் என்று நான் சொல்வதற்கு இது ஒரு காரணம்.

நம் தென்னை விவசாயிக்குத் தெரிந்த அதே சிவப்புக் கூன்வண்டு இங்கேயும் எதிரி. இஸ்ரேலில் 1999இல் தென்பட்டது. பக்கக்கன்று வெட்டிய பச்சைப் புண்ணின் வாசனைக்கு அது வரும். கன்று பிரிப்பதைக் குளிர்காலத்தில் செய்து, வெட்டுவாயை அன்றே மூடிவிட வேண்டும். இனக்கவர்ச்சிப் பொறியைத் தோப்பின் நடுவில் வைப்பது தவறு. வெளியிலிருக்கும் வண்டையும் உள்ளே அழைத்துவிடும். ஓரத்தில் வையுங்கள்.

பாலைவனத்தில் மாடு

தீவனம் வடக்கிலிருந்து லாரியில் வரும், வெயிலோ கொல்லும். ஆனாலும் யோத்வதா 1962இல் பால் பண்ணை ஆலை தொடங்கியது. பாலை ஏலாத் வரை கொண்டுபோய் விற்றது. அதன் சாக்லேட் பாலுக்காகவே நெடுஞ்சாலையில் வண்டிகள் நிற்கும். இஸ்ரேலியக் கறவை மாடு ஆண்டுக்குச் சராசரி 11,000 லிட்டருக்கு மேல் கறக்கிறது. அரவாவிலும் அது சாத்தியமாவதற்குக் காரணம் காற்றின் வறட்சி. மாட்டை 30 விநாடி நன்றாக நனைத்து, நாலரை நிமிடம் பெரிய மின்விசிறியால் காற்றடிப்பார்கள். மறுபடி நனைத்து, மறுபடி காற்று. இப்படி அரை மணி முதல் முக்கால் மணி வரை, நாளுக்குப் பல முறை. தோல் வரை நனைய வேண்டும். முடியின் மேல் பனித்துளி போல நின்றால் வெப்பத்தை உள்ளேயே அடைத்துவிடும். மடிக்கு நீர் வழிந்தால் மடிநோய். ஈரக்காற்று வீசும் கடலோரத்தில் நனைப்பதைவிட விசிறிதான் அதிகம் வேலை செய்யும் என்பதை நம்மூரில் நினைவில் வைக்க வேண்டும்.

பலகையும் பணப்பையும்

வேலை ஒதுக்குபவரை சத்ரான் என்பார்கள். ஒவ்வொரு பிரிவின் பொறுப்பாளரும், தோப்பு, மாடு, சமையல், குழந்தைகள் இல்லம், சலவை என, மறுநாளுக்கு எத்தனை கை வேண்டும் என்று அவரிடம் சொல்வார்கள். கேட்பது எப்போதும் இருப்பதைவிட அதிகம். இரவுக்குள் பொருத்தி எழுதிப் பலகையில் ஒட்ட வேண்டும். கோடையில் தோப்பு வேலை காலை 5 மணிக்கே தொடங்கும். நிலையான வேலை ஒன்று எல்லோருக்கும் உண்டு. அதுபோக யாருக்கும் பிடிக்காத வேலைகள், அதாவது பாத்திரம் கழுவுவது, ஓய்வுநாள் பால் கறப்பு, இரவுக் காவல் ஆகியவை, தோரனுத் என்ற முறையில் சுற்றி வரும். பொருளாளரும் பாத்திரம் கழுவுவார். இந்தச் சுற்றில் ஒருவருக்கு விலக்குக் கொடுத்தால் ஊர் உள்ளுக்குள் பிளக்கத் தொடங்கிவிடும். சத்ரான் பதவியும் ஓரிரு ஆண்டில் கைமாற வேண்டும். நீண்ட நாள் ஒருவரே இருந்தால் அவர் எல்லோருக்கும் பகையாவார், அல்லது எல்லோரும் அவருக்குக் கடன்பட்டவர் ஆவார்கள்.

சமாரில் பட்டியலும் இல்லை, சத்ரானும் இல்லை. எங்கே தேவையோ அங்கே போய்ச் செய் என்பதே விதி. பணத்துக்கும் தொடக்கத்தில் ஒரு திறந்த பெட்டி, வேண்டியதை எடுத்துக்கொள்ளலாம். அது நிலைத்து நடந்தது. ஆனால் அங்கே ஆட்கள் குறைவு, சேர்க்கும் முன் ஆளை வெகுநாள் பார்ப்பார்கள். முதல் நாளிலேயே அந்த முறையை எடுத்துக்கொள்ள யாருக்கும் நான் சொல்ல மாட்டேன்.

முடிவெடுப்பது பொதுக்கூட்டம்; ஆளுக்கு ஒரு வாக்கு. கல்வி, வீடு, உடல்நலம், சேர்க்கை என்று ஒவ்வொன்றுக்கும் குழு. புதியவர் பொதுவாக ஓராண்டு வேட்பாளராக இருந்து, பிறகு வாக்கெடுப்பில் சேர வேண்டும். சலவைக்கூடத்தில் ஒவ்வொருவருக்கும் ஓர் எண். துணியில் அதைத் தைத்துவிடுவார்கள். நூற்றுக்கணக்கானோரின் உடுப்பு சண்டையில்லாமல் அவரவர் அலமாரிக்குத் திரும்பும் ரகசியம் அந்தச் சின்ன எண்தான். கெதூராவில் பக்தியுள்ளவர்களும் இல்லாதவர்களும் கலந்து வாழ்கிறார்கள். எல்லோரும் ஒன்றாக உண்ணும் கூடத்தில் சமய உணவு விதி காக்கப்படும், அவரவர் வீட்டுக்குள் அவரவர் இஷ்டம். நம்மூரில் சைவ – அசைவச் சச்சரவை முன்கூட்டியே தீர்க்க நல்ல மாதிரி.

பணத்தில் அடிபட்டதும் உண்டு. 1984இல் இஸ்ரேலின் பணவீக்கம் 400 விழுக்காட்டைத் தாண்டியது. கடன் வாங்கிக் கட்டினால் கடன் தானே கரையும் என்று கிப்புட்ஸ்கள் ஏராளமாக வாங்கியிருந்தன. 1985இல் அரசு பணவீக்கத்தை ஒரேயடியாக அடக்கியதும் உண்மை வட்டி எகிறியது. ஒரு கிப்புட்ஸ் இன்னொன்றுக்குப் பிணை நின்றதால் நல்லவையும் சேர்ந்து மூழ்கின. அதன் பிறகு ஏறக்குறைய 270 கிப்புட்ஸ்களில் பெரும்பான்மை, அவரவர் சம்பளம் அவரவருக்கு என்ற முறைக்கு மாறின. தெகானியாவே 2007இல் மாறியது. 2000களிலும் பொதுப் பணப்பையை விடாத சிறுபான்மையில் அரவா ஊர்களும் இருந்தன. அதற்கு உதவியது, விவசாயத்தை மட்டும் நம்பாதது. யோத்வதாவுக்குப் பாலாலை. கெதூராவில் கண்ணாடிக் குழாய்களில் சிவப்பு நிறமி தரும் பாசி வளர்ப்பு, 1996இல் தொடங்கிய அரவா சுற்றுச்சூழல் கல்விக்கழகம், 2011இல் இயங்கத் தொடங்கிய 4.95 மெகாவாட் சூரிய மின்வயல். அந்தக் கல்விக்கழகத்தில் யூதர், பாலஸ்தீனர், ஜோர்டானியர் ஒரே வகுப்பில் நீர் மேலாண்மை படிக்கிறார்கள். எல்லையோரக் கூட்டுவாழ்வு இதைவிட நல்ல விளைச்சலைத் தந்ததாக எனக்குத் தெரியவில்லை.

பலகையில் ஏறாத பெயர்களையும் சொல்லியாக வேண்டும். இன்று இஸ்ரேலியப் பண்ணை வேலையின் பெரும்பகுதியைச் செய்பவர்கள் தாய்லாந்துத் தொழிலாளர்கள். கூலி பெறுவார்கள், உறுப்பினர் ஆக மாட்டார்கள், கூட்டத்தில் வாக்கு இல்லை. 'பிறர் உழைப்பை வாங்காதே' என்று தொடங்கிய இயக்கத்துக்கு இது ஆழமான முரண். 2023 அக்டோபர் 7 அன்று காசா எல்லையோரக் கிப்புட்ஸ்கள் தாக்கப்பட்டபோது கொல்லப்பட்டவர்களிலும் பிணையாகக் கொண்டுபோகப்பட்டவர்களிலும் அவர்களும் இருந்தார்கள். பின்னர் வேலிக்கு அந்தப் பக்கம் காசாவில் பல்லாயிரம் உயிர்கள் போயின. எல்லையில் சமத்துவம் பேசும் எந்த ஊரும் தன் வேலிக்கு வெளியே இருப்பவரைக் கணக்கில் சேர்க்காமல் அதைப் பேசிவிட முடியாது.

இங்கே செய்ய நினைப்பவர்களுக்கு

நிலம் வாங்கும் முன் மூன்றை எழுதி, எல்லோரும் கையெழுத்திடுங்கள். புதியவர் எத்தனை மாதம் கழித்து, எத்தனை வாக்கில் சேர்வார். விலகுபவர் எதை எடுத்துப் போவார். கிப்புட்ஸில் இருந்த ஆண்டுகளைக் கணக்கிட்டு ஒரு தொகை தருவார்கள், நிலத்தில் பங்கு கிடையாது. முறை வேலையிலிருந்து யாருக்கு, எந்த வயதில் விலக்கு. பிணை நிற்பதற்குத் தனியே ஒரு வரி: பொதுக்கூட்டத்தில் மூன்றில் இரண்டு பங்கு இல்லாமல் யாருக்கும் பிணை இல்லை.

பேரீச்சையில் மெஜூலைக் கண்டு மயங்க வேண்டாம். அது மரத்திலேயே உலர்ந்து கனிய வறண்ட ஆகஸ்ட் – செப்டம்பர் வேண்டும். நமக்கு அப்போது மழையும் ஈரக்காற்றும். தருமபுரிப் பக்கம் திசு வளர்ப்புக் கன்றில் பர்ஹி வகையை வைத்தவர்கள் சரியாகக் கணித்தார்கள். பர்ஹியை மஞ்சளாக, மொறுமொறுவென்று இருக்கும்போதே, உலர்த்தாமல் விற்கலாம். மழைக்கு முன் ஜூன் – ஜூலையில் குலையோடு வெட்டிவிடலாம். 50 பெண் மரத்துக்கு ஒரு ஆண் மரம் கணக்குக்குப் போதும், ஆனால் இரண்டாக வையுங்கள். முதல் பூப்பில் ஆணும் பெண்ணும் ஒரே வாரத்தில் பூப்பது அரிது. முந்திய ஆண்டின் மகரந்தத்தை நன்றாக உலர்த்தி, காற்றுப் புகாத புட்டியில் அடைத்து உறைபெட்டியில் வைத்திருந்தால் அந்த வாரம் கைகொடுக்கும்.